தையல்காரம்மாவின் அத்தியாயம்

என் வீட்டுக்காரர் வக்கீல். அரசாங்கம் யாரையெல்லாம் உள்ளே தள்ளுகிறதோ அவர்களையெல்லாம் வெளியே கொண்டுவருவதுதான் அவர் பிழைப்பு. கோர்ட்டுக்குப் போவதை நிறுத்தினால் வாய் ஓயும் என்று நம்பினேன். மனுஷன் சுயசரிதை எழுத உட்கார்ந்துவிட்டார். அவர் சொல்லச் சொல்ல நான் கம்ப்யூட்டரில் அடிக்க வேண்டும். ஒரு வரி முடிவதற்குள் மூன்று திருத்தம். சாப்பாட்டு மேஜை முழுக்கக் கேஸ் கட்டுகள். எட்டு மாதமாகத் தட்டை மடியில் வைத்துத்தான் சாப்பிடுகிறோம்.

ஏழாம் அத்தியாயம் தையல்காரம்மாவுடையது. ஊர்வலத்தில் போனதற்காக அவளைப் பதினோரு நாள் லாக்கப்பில் வைத்து, செய்யாததை எல்லாம் செய்ததாக எழுதி வாங்கினார்கள். அது செல்லாது என்று நிரூபிக்க, அங்கே தனக்கு நடந்ததை அவள் நீதிபதியிடம் சொல்ல வேண்டியிருந்தது. கதவைச் சாத்திக்கொண்டு விசாரித்தார்கள். அவளுக்கு விடுதலை, இவருக்குப் பெயர். புத்தகத்திலேயே நன்றாக வந்திருப்பது இதுதான். அடிக்கும்போது எனக்கே கண் கலங்கியது.

"அவளைக் கேட்டீங்களா?"

"அதான் பேரை மாத்திட்டேனே."

பேரை மாற்றினார், சரி. பஸ் நிலையத்துக்கு எதிரே மாடிக் கடை, இடது கையில் தீக்காயம், பள்ளிச் சீருடை தைப்பவள், எல்லாம் அப்படியே இருந்தது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்த கதை. சுவரோடு பேசலாம், இவரோடு முடியாது. நானே பக்கங்களை எடுத்துப்போய் அவள் கையில் கொடுத்தேன்.

மறுநாள் காலை வந்தாள். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

"சார், இது வேண்டாம். என் பையனுக்கே தெரியாது."

"வெக்கப்பட வேண்டியது அதைச் செஞ்சவங்கதாம்மா, நீயில்ல" என்று ஆரம்பித்தார். நாளைக்கு நாலு பெண்கள் தைரியமாகப் பேசுவார்கள், மறைத்தால் செய்தவன் தப்பித்துக்கொள்வான், இது வரலாறு. ஒரு மணி நேரம். அத்தனையும் நியாயம்தான், அதுதான் எனக்கு எரிச்சல். எதிரே நிற்பவள் தான் வாதாடிய கட்சிக்காரி என்பதையே மறந்துவிட்டார்.

அவள் முழுக்கக் கேட்டுவிட்டுத்தான் பேசினாள்.

"ஜட்ஜ் முன்னாடி எல்லாத்தையும் சொன்னேன் சார். முந்தின நாள் நான் மாட்டேன்னு அழுதப்போ, 'இந்த ஒரு தடவை சொல்லிடும்மா, அதுக்கப்புறம் யாரும் உன்னைச் சொல்ல வைக்க மாட்டாங்க'ன்னு நீங்கதான் சொன்னீங்க. அதை நம்பித்தான் வாயத் திறந்தேன்."

அந்த அத்தியாயத்தின் முப்பத்திரண்டு பக்கத்தில் குறுக்கு விசாரணை வரிக்கு வரி இருக்கிறது. இந்தப் பேச்சு மட்டும் எங்கும் இல்லை. அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், போட்டார், மறுபடி கழற்றினார்.

"எடுத்துடு" என்றார் என்னிடம்.

"நீ போம்மா, நான் பாத்துக்கறேன்" என்றேன்.

"இல்லக்கா. நீங்க அழிக்கறதைப் பாத்துட்டே போறேன்."

அப்போதுதான் நாற்காலியை இழுத்து என் பக்கத்தில் உட்கார்ந்தாள். அழித்தேன். எனக்குத் தெரிந்து ஒரு பிரதிகூட மிச்சமில்லை.

"வேற எங்கயாவது இருக்காக்கா?" அவரை விட்டுவிட்டு என்னைத்தான் கேட்டாள்.

இல்லை என்று நான் சொல்வதற்குள் அவர் எழுந்துபோய், பீரோவிலிருந்து ஒரு தடித்த உறையைக் கொண்டுவந்து அவள் மடியில் வைத்தார். பதிப்பாளர் விலாசம் எழுதி, ஒட்டி, தபால்தலைகூட ஒட்டியிருந்தது.