நான்காம் எண் கயிறு

ஆர்ச்சி மெல்ட்ரம் செத்த மூன்றாம் நாள் அவன் மகள் மோர்வென் என் வீட்டுக் கதவைத் தட்டி ஓர் அட்டையைக் கொடுத்தாள். கறுப்புக் கரை போட்ட சின்ன அட்டை. நடுவில் சவப்பெட்டியின் படம், சுற்றிலும் ஒன்று முதல் எட்டு வரை எண்கள். நான்கை வட்டமிட்டு, கீழே என் பெயரை எழுதியிருந்தார்கள்: திருமதி எஃபி ராட்ரே. பெட்டியைக் குழிக்குள் இறக்கும்போது நான்காவது கயிற்றை நான் பிடிக்க வேண்டுமாம்.

எங்கள் கடலோர ஊரான இன்வர்கெல்லியில் இது பெரிய மரியாதை. எட்டே பேருக்குத்தான் கிடைக்கும். என் அப்பா போனபோது எனக்குக் கிடைக்கவில்லை. அந்தக் காலத்தில் பெண்கள் இடுகாட்டுப் பக்கமே போகக் கூடாது. வந்தவர்களுக்குப் பரிமாற வீட்டில் பன்றிக்கறி வெட்டிக்கொண்டிருந்தேன். பெற்ற அப்பனுக்கே பிடிக்கக் கிடைக்காத கயிற்றை இந்த அயோக்கியனுக்குப் பிடிப்பதா?

"எனக்கு முழங்கால் வலிம்மா. வேற யாரையாவது பாரு" என்றேன்.

"அப்பா பிடிவாதமா சொல்லிட்டார், மிசஸ் ராட்ரே. நாலாம் நம்பர் உங்களுக்குத்தானாம். இரங்கல் உரையக்கூட அவரே எழுதி உறையில போட்டு ஒட்டி வெச்சிருக்கார். சர்ச்சுலதான் பிரிக்கணுமாம்."

"செத்த பிறகும் மைக்க விட மாட்டானா உங்கப்பன்?"

அவள் சிரித்துவிட்டாள். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு சொன்னாள்: "அதுல உங்க பேர் வருதுன்னு சொன்னார். அந்தக் கல் விஷயம்னு."

நான் கதவைப் பிடித்துக்கொண்டேன். நாற்பத்தொன்பது வருடம் காத்திருந்தது அந்த ஒரு விஷயத்துக்குத்தான். "வர்றேன்" என்றேன்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து எழுபத்தாறில் நாங்கள் மீன் டப்பா தொழிற்சாலையில் வேலை செய்தோம். அதே கத்தி, அதே மீன். ஆண்களுக்கு ஒரு கூலி, எங்களுக்கு அதில் முக்கால். பதினான்கு வாரம் வேலைநிறுத்தம் செய்தோம். ஆர்ச்சிதான் சங்கச் செயலாளர். பள்ளிக்கூட வாத்தியார் மகன், மீன் நாற்றம் கையில் படாதவன், ஆனால் வாயைத் திறந்தால் கல்லும் எழுந்து நின்று கைதட்டும். மீன் பீப்பாய் மேல் ஏறி நின்று, "பிரபுக்கள் சபையை மீன் குடலோட சேர்த்துக் கடல்ல கொட்டணும்!" என்று கத்துவான். நாங்கள் தொண்டை கிழிய ஆமோதிப்போம். எனக்கு இருபத்துநான்கு வயது. அவன் சொன்னதை எல்லாம் நம்பினேன்.

பன்னிரண்டாம் வாரம் ஒரு மத்தியானம் கடல்மூட்டம் தெருவை மூடியிருந்தது. நானும் அவனும் தொழிற்சாலைக்கு எதிர் மூலையில் நின்றிருந்தோம். முதலாளியின் கார் உள்ளே போன சத்தம் கேட்டது. ஆர்ச்சி ஒரு கெட்ட வார்த்தை சொன்னான், குனிந்தான், எறிந்தான். தெருவுக்கு அந்தப் பக்கம் தொழிற்சாலையின் மாடி ஜன்னல் உடைந்தது. அடுத்து ஒரு மனிதனின் அலறல். முதலாளி இல்லை. ஜன்னலோரம் தேநீர் குடித்துக்கொண்டிருந்த காவல்காரர் சாண்டி கௌவி. கண்ணாடிச் சில்லில் அவருடைய இடது கண் போனது.

சாண்டி என் உயிர்த்தோழி நெட்டாவின் அப்பா. நானும் நெட்டாவும் துறைமுகச் சுவரில் பாட்டில்களை வரிசையாக வைத்துக் கல்லெறிந்து வளர்ந்தவர்கள். அவள் பத்துக்குப் பத்து அடிப்பாள். என் கல் பாட்டிலைத் தவிர எல்லாவற்றிலும் படும்.

போலீஸ் விசில் கேட்டதும் ஆர்ச்சி என் கையைப் பிடித்தான்.

"எஃபி, தங்கம், என்னப் பிடிச்சுட்டா பேச்சுவார்த்தை அவ்வளவுதான். கூலி உயர்வும் போச்சு, எல்லாம் போச்சு. நீ எறிஞ்சதா சொன்னா சின்னப் பொண்ணுன்னு எச்சரிச்சு விட்டுருவாங்க. எல்லாம் முடிஞ்சதும் நானே ஊர் முன்னாடி உண்மையச் சொல்றேன். எங்கம்மா மேல சத்தியம்."

நான்தான் எறிந்தேன் என்று போலீஸிடம் சொன்னேன். எச்சரித்து விடவில்லை. அறுபது நாள் சிறை. நான் உள்ளே இருக்கும்போதே வேலைநிறுத்தம் வென்றது; எல்லோருக்கும் சம கூலி கிடைத்தது, என்னை மட்டும் வேலையில் திரும்ப எடுக்கவில்லை. சிறைக்குப் போனவளைப் பள்ளிச் சமையலறையிலும் சேர்க்கவில்லை. மற்றவர் வீட்டுப் படிகளைத் தேய்த்தேன். நெட்டா என் வீட்டிலிருந்து மூன்றாவது வீடு. அன்றிலிருந்து என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. எதிரில் வந்தால் தெருவைக் கடந்துவிடுவாள்.

அவன் எழுபத்தொன்பதில் நாடாளுமன்றம் போனான். "தேர்தல் முடியட்டும், எஃபி." முடிந்தது. "அடுத்தது முடியட்டும்." அதுவும் முடிந்தது. தொழிற்சாலையை மூடியபோது வாசலில் வந்து கேமரா முன் கண்ணைத் துடைத்தான். அந்த இடத்தில் கட்டிய அடுக்குமாடிக்கு அவன் பெயரையே வைத்தார்கள். எடின்பரோவில் அமைச்சரானான். என் கடிதங்களுக்கு அலுவலகத்திலிருந்து அச்சடித்த பதில் வரும்: உங்கள் கருத்துக்கு நன்றி. கடைசியில் எந்தச் சபையைக் கடலில் கொட்டச் சொன்னானோ அதே பிரபுக்கள் சபையில் அவர்கள் அணியும் வெள்ளை மென்மயிர்க் காலர் போட்டுக்கொண்டு மெல்ட்ரம் பிரபுவாக உட்கார்ந்தான். உள்ளே போய் மாற்றப் போகிறானாம். தூங்குகிற படத்தைப் பத்திரிகையில் பார்த்தேன்.

இதெல்லாம் அரசியல்வாதிகள் செய்வதுதான், போகட்டும். ஒன்றைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. ஒவ்வொரு புத்தாண்டுக்கும் விஸ்கி பாட்டிலோடு சாண்டி வீட்டுக்குப் போவான். அந்த ஒற்றைக் கண்ணைப் பார்த்து, "நல்லா இருக்கீங்களா சாண்டி?" என்று கேட்டுக் குடித்துவிட்டு வருவான். சாண்டி செத்தபோது அவருடைய கயிற்றையும் பிடித்தான். நெட்டாவுக்கு அவன் தெய்வம்.

சர்ச்சில் நெட்டா முன்வரிசையில் நீலத் தொப்பியோடு உட்கார்ந்திருந்தாள். நான் இரண்டு வரிசை பின்னால். மோர்வென் உறையைப் பிரித்துப் படித்தாள். தன்னைப் பற்றித் தானே எழுதியதில் கஞ்சத்தனம் காட்டவில்லை. முக்கால் மணி நேரம் ஓடியது. என் பெயர் வரும் இடம் வந்தபோது முன்னால் சாய்ந்து கேட்டேன்.

"எழுபத்தாறில் எங்களுள் ஒரு பெண் ஆத்திரத்தில் கல்லெறிந்தாள். அதனால் ஒரு நல்ல மனிதர் கண்ணை இழந்தார். எஃபி ராட்ரேயை ஊர் மன்னிக்கவில்லை. நான் அன்றே மன்னித்துவிட்டேன். இன்று அவள் என் கயிற்றைப் பிடிக்கிறாள். என் மன்னிப்புக்கு அதுவே சாட்சி. நீங்களும் அவளை மன்னியுங்கள்."

சர்ச்சே திரும்பி என்னைப் பார்த்தது. ஒருத்தி மூக்கை உறிஞ்சினாள். மேயர் என் தோளைத் தட்டி, "எப்பேர்ப்பட்ட மனசு பாருங்க!" என்றார். அவன் எறிந்த கல்லுக்கு அவன் என்னை மன்னிக்கிறான். எனக்கு அழுகை வரவில்லை. உடம்பெல்லாம் நெருப்பு வைத்தது போல் இருந்தது.

எழுந்து வீட்டுக்குப் போயிருக்கலாம். போனால், மன்னித்தவனுக்குக்கூட நன்றி இல்லாதவள் என்பார்கள். அதையும் யோசித்துத்தான் எழுதியிருக்கிறான் பாவி. இடுகாட்டுக்கு நடந்தேன்.

சவ அடக்கக்காரர் எண்களை வரிசையாகக் கூப்பிட்டார். ஒன்று, தலைமாட்டில் மோர்வென். நான்கு, அவனுடைய வலது கைப் பக்கம், நான். கயிறு உள்ளங்கையில் வழுவழுவென்று ஓடியது. விட்டுவிடலாம் என்று ஒரு கணம் தோன்றியது. விட்டால் மற்ற ஏழு பேருக்கும் கனம் கூடும். அப்படி அடுத்தவர் தலையில் கட்டுவது அவன் பழக்கம், என் பழக்கம் இல்லை. ஒழுங்காக இறக்கினேன்.

பாதிரியார் ஜெபம் முடித்ததும் ஆளுக்கொரு பிடி மண் போட்டார்கள். நான் மண்மேட்டில் கையை விட்டேன். மண்ணுக்குள் ஒரு கல் தட்டுப்பட்டது, உருளைக்கிழங்கு அளவு. எடுத்தேன். 'மெல்ட்ரம் பிரபு' என்று மின்னிய பித்தளைத் தகட்டைக் குறி பார்த்து, இருந்த பலத்தையெல்லாம் கூட்டி எறிந்தேன்.

பெட்டியிலேயே படவில்லை. எதிர்ப்பக்கக் களிமண் சுவரில் பொத்தென்று மோதி, பெட்டிக்கும் சுவருக்கும் நடுவில் விழுந்தது.

"மிசஸ் ராட்ரே!" மோர்வென் அலறினாள். "அப்பா உங்கள மன்னிச்சாரே!"

"எதுக்கு மன்னிச்சான்? என் ஆயுசுல மனுசன் மேல நான் எறிஞ்ச முதல் கல்லு இதுதான்!"

மேயர் என் முழங்கையைப் பிடித்தார். "வாங்க வாங்க, ஓட்டல்ல சாப்பாடு ஆறிடப் போவுது. வயசானவங்க, ஏதோ..."

"கைய எடுங்க அவ மேலேருந்து."

நெட்டாவின் குரல். என் பக்கம் வந்து நின்று குழிக்குள் எட்டிப் பார்த்தாள். கல் விழுந்த இடத்தைப் பார்த்தாள், தகட்டைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். நாற்பத்தொன்பது வருடத்துக்குப் பிறகு என் பெயரைச் சொன்னாள்.

"எஃபி. காலடியில கெடக்கற பெட்டி மேலயே உன் கல்லு படலையே."

"படல."

"பாட்டில்ல என்னிக்காவது பட்டிருக்கா?"

"ஒரு தடவைகூட இல்ல."

"அப்ப தெருவுக்கு அந்தாண்ட மாடி ஜன்னல், அந்த மூட்டத்துல..." அவள் என் கையைப் பற்றினாள். "ஏன்டி நான் இத அப்பவே யோசிக்கல? அந்த மூலையில உன்கூட யாருடி நின்னா?"

குழியைப் பார்த்தேன். அவளும் பார்த்தாள். ஒவ்வொரு புத்தாண்டுக்கும் வந்த விஸ்கி பாட்டில்கள் எல்லாம் அவள் கண்ணில் வந்து போவதை நான் கண்டேன்.

"ஐயோ அப்பா" என்றாள், மெதுவாக.

பிறகு நீலத் தொப்பியைக் கழற்றி என் கையில் கொடுத்தாள். மண்மேட்டின் ஓரம் குனிந்து, அவசரமே இல்லாமல், நல்ல கல்லாக ஒன்றைத் தேடினாள். நெட்டாவுக்குக் குறி தப்பி நான் பார்த்ததே இல்லை.