தூக்கல் நேரத்தில் பெண் பார்த்தது

பத்தொன்பது மணி நேரத்துக்கு ஒருமுறை செலியமேட்டு ஜனங்கள் தரையிலிருந்து ஒரு முழம் உயர்ந்து, ஆறு நிமிடம் அப்படியே நின்று, பிறகு மெதுவாக இறங்குவார்கள். ஆடு மாடுகளுக்கு ஒன்றும் ஆவதில்லை. வெளியூரிலிருந்து வந்த பேராசிரியர்கள், வானத்தில் வெகுதூரத்தில் இரண்டு நட்சத்திரங்கள் ஒன்றையொன்று சுற்றுவதால் எழும் அலை இது என்றும், பாகூர் ஏரிக்கு இந்தப் பக்கத்தில் மட்டும் அது ஏன் மனிதரைத் தூக்குகிறது என்று தெரியவில்லை என்றும் சொல்லிவிட்டுப் போனார்கள். ஊர் அதற்குத் தூக்கல் என்று பெயர் வைத்தது. முதல் வருடம் பயந்தார்கள். இரண்டாம் வருடம் ஆண்கள் வேட்டிக்குள் அரைக்கால் சட்டை போடப் பழகினார்கள். மூன்றாம் வருடத்திலிருந்து டவுன் பஸ் தூக்கல் நேரத்தில் நின்று கிளம்பியது. கண்டக்டர் கூரையில் ஒரு கையை ஊன்றியபடி மறு கையால் டிக்கெட் கிழித்தார். நடவு நடும் பெண்கள் சேற்றிலிருந்து கால் விடுபட்டதும், இடுப்புக்கு நல்லது என்று முதுகை நிமிர்த்திக்கொண்டார்கள்.

கரும்பு பயிரிடும் உலகநாதனின் மகள் இளவரசி உயரவில்லை. முதல் தூக்கலின்போது ஏழாம் வகுப்பில் இருந்தாள். வகுப்பே மேலே நிற்க, அவள் விழாத பேனாவைத் தேடுபவள்போலக் குனிந்துகொண்டாள். அதன்பின் ஊரில் யாருக்குப் பித்தவெடிப்பு, யாருக்குக் கால் ஆணி என்பதெல்லாம் அவளுக்குத்தான் தெரிந்தது. அம்மா ஆண்டாள் விஷயத்தைக் கேட்டதும் தச்சரிடம் ஒரு முழ உயரத்தில் முக்காலி செய்யச் சொன்னாள். மகளின் பாவாடைக்கும் பின்னாளில் புடவைக்கும் அடியில் அதே நிறத் துணியை ஒரு முழம் சேர்த்துத் தைத்து, மடித்துச் செருகிக்கொள்ளக் கற்றுக்கொடுத்தாள். தூக்கல் வரும்போது இளவரசி முக்காலிமேல் ஏறி மடிப்பை அவிழ்த்துவிடுவாள். ஆண்டாள் அடுப்பைப் பார்க்க வேண்டும் என்று அடுக்களையில் தாழ்ப்பாள் போட்டுக்கொள்வாள்.

மனதில் எதையோ ஒளித்துவைத்திருப்பவர்களைத் தூக்கல் தூக்காது என்று ஊரில் ஒரு பேச்சு உண்டு. யார் தொடங்கியது என்று தெரியாது, எல்லோரும் நம்பினார்கள். இளவரசி இயற்பியல் இரண்டாம் வருடம் படிக்கையில், உலகநாதன் வயலிலிருந்து ஒருநாள் சீக்கிரம் வந்துவிட்டார். வாசலில் அவர் மேலே போனபோது மகள் கீழே பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள். “யார்றீ அவன்?” என்று மேலேயே நின்று கேட்டார். அவளுடைய போனை வாங்கி நாள்கணக்கில் தேடினார். பஸ் நேரமும் பாடக் குறிப்புகளும்தான் இருந்தன. பட்டம் வாங்கியதும் மேற்படிப்பு வேண்டாம் என்றுவிட்டார். இளவரசியும் தன் மனதுக்குள் தேடினாள். ஒளித்துவைத்தது எதுவும் அகப்படவில்லை. ஆனாலும் எதற்கென்று தெரியாமலே வெட்கப்படப் பழகிவிட்டாள்.

மண்ணாடிப்பட்டிலிருந்து தையலம்மாளும் மகன் எழிலரசனும் பெண் பார்க்க வந்தார்கள். அவர்கள் ஊரில் அலை இல்லை. தூக்கல் நேரத்தில் போனால் பெண்ணின் மனசு தெரிந்துபோகும் என்று தரகர் சொல்லியனுப்பியிருந்தார். உலகநாதனே நேரத்தைச் சொல்லி வரவழைத்தார். முக்காலியை அலமாரி ஓரமாகத் தானே கொண்டுபோய் வைத்தார். மகளின் முகத்தைப் பார்க்கவில்லை.

தூக்கல் வந்ததும் இளவரசி அந்த முக்காலிமேல் ஏறி மடிப்பை அவிழ்த்துவிட்டாள். “அய்யோ, புட்ரா என்னை!” என்று தையலம்மாள் மகனின் சட்டையைப் பிடித்தாள்.

“நானே எதப் புடிக்கறதுன்னு தெரியாம கீறேன், நீ வேறம்மா.”

“தலையக் குனிடா, ஃபேனு!” சற்று நேரத்தில் அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. “நல்லாத்தான் கீது. முட்டி வலியே காணோம். பொண்ணு இன்னா அங்கியே நிக்குது? கூச்சப்படாத, கிட்ட வாம்மா.”

மேலே இருப்பவர்கள் சுவரை விரலால் தள்ளினால் நகர்ந்துவிடலாம். இளவரசி சுவரில் விரலை வைத்தாள். தள்ளவில்லை. பிறகு முக்காலியிலிருந்து இறங்கி நடந்து வந்தாள். சேர்த்துத் தைத்த துணி தரையில் இழுபட்டது.

தையலம்மாளின் சிரிப்பு நின்றது. “இன்னாங்க இது? எல்லாரும் மேல கீறோம், இது தரையில நடக்குது?”

உலகநாதன் கூடத்தின் நடுவில் நின்றார். கைக்கெட்டும் தூரத்தில் சுவர் இல்லாததால் அவரால் வெளியே போகவும் முடியவில்லை, திரும்பிக்கொள்ளவும் முடியவில்லை. “எங்க வம்சத்துல யாருக்கும் இப்படி இல்லிங்க. இவ ஒருத்திதான். மனசுல இன்னாத்த வெச்சிருக்காளோ, அடிக்காத கொறையா கேட்டுட்டேன். வாயத் தொறக்க மாட்றா.”

இளவரசி தலையைக் குனிந்தாள். அதனால் அங்கே இருந்த எல்லாப் பாதங்களையும் பார்க்க வேண்டியிருந்தது. அப்பாவின் பாதங்கள் ஒன்றோடொன்று உரசிக்கொண்டிருந்தன.

அடுக்களைத் தாழ்ப்பாள் விலகும் சத்தம் கேட்டது. ஆண்டாள் காப்பித் தட்டோடு கூடத்துக்கு நடந்து வந்தாள். அந்த வீட்டில் தூக்கல் நேரத்தில் இரண்டு பேர் நடக்கும் ஓசை அன்றுதான் முதலில் கேட்டது. தட்டைக் கீழே வைத்துவிட்டு மகளின் பக்கத்தில் போய் நின்றாள். தூக்கல் முடிய இன்னும் கொஞ்ச நேரம் இருந்தது. மேலே இருந்தவர்கள் இருந்து கேட்கத்தான் வேண்டும்.

“அவள ஒண்ணும் கேக்காதீங்க,” என்று புருஷனை அண்ணாந்து பார்த்துச் சொன்னாள். “சொல்ல வெக்கமா இருந்துச்சி, பொண்ணு தலையில போட்டுட்டு கம்முனு இருந்துட்டேன். என்னியும் தூக்கல, மொத நாள்லேருந்து.”