ஜாஸ்பர் பேசிக் குறைத்த ராக்கெட்

தேனி கடைத்தெருவில் பழைய சாமான் வாங்கி விற்கும் ஜாஸ்பர் ஒரு பொருளைக் குறை சொல்லி விலையை இறக்கினால், அந்தப் பொருளின் எடையும் கூடவே இறங்கியது. அறுபது கிலோ கிரைண்டரை, "கல்லு தேஞ்சு போச்சு, மோட்டாரு மூச்சு வாங்குது, இத எவன் தொடுவான்" என்று அரைமணி நேரம் பேசி முடித்தால் அது நாலு கிலோதான் இருக்கும். அவர் மனைவி ஜெனிபர் அதை இடுப்பில் வைத்துக்கொண்டு கடைக்குள் போவாள். ஊரில் இதை யாரும் அதிசயமாக எடுத்துக்கொள்ளவில்லை. அரிசி, ஏலக்காய் போல நிறுத்து விற்கும் சரக்குப் பக்கம் அவரை அண்டவிடவில்லை, அவ்வளவுதான். ஒரே நிபந்தனை, வெறுப்பு நிஜமாக இருக்க வேண்டும். பாசாங்குக்கு ஒரு கிராம்கூட அசையாது. அதனால் ஜாஸ்பர் முப்பது வருஷமாகச் சாமான்களை மனசார அருவருத்தே பழகியிருந்தார்.

போடிக்காரர் சுரேஷ்கண்ணன் வெளியூரில் படித்துவிட்டு வந்து, தேவதானப்பட்டிக்குப் பக்கத்தில் ஒரு தென்னந்தோப்பை வளைத்து ராக்கெட் கம்பெனி தொடங்கினார். வானத்துக்குப் போகிற எதற்கும் கிலோ கணக்கில்தான் கூலி, ஆகவே அவருடைய கவலையெல்லாம் எடை. ஜாஸ்பரை ஜீப் அனுப்பி அழைத்தார். ஜாஸ்பர் வாங்க வந்தவரைப் போல ராக்கெட்டைச் சுற்றி வந்து, தட்டிப் பார்த்து, முகத்தைச் சுளித்தார். "இதென்ன, மொட்டமாடித் தண்ணித் தொட்டியா? வெல்டிங்கு கோழி கிண்டுன மாதிரி இருக்கு. பேரீச்சம்பழத்துக்குப் போட்டா அவனும் யோசிப்பான்." நாற்பது டன் ராக்கெட் மத்தியானத்துக்குள் முன்னூறு கிலோவுக்கு வந்தது. எட்டுப் பேர் சப்பரம் தூக்குவது போலத் தூக்கி நிறுத்தினார்கள்.

மூன்றாம் வருஷத்தில், ஒரு கிலோவை வானத்துக்கு ஏற்றும் கூலி, கம்பத்திலிருந்து எர்ணாகுளத்துக்கு ஒரு வாழைத்தார் அனுப்பும் லாரி வாடகையில் வந்து நின்றது. அப்புறம் செயற்கைக்கோள்களாகப் போயின என்று சொல்ல ஆசைதான். போனவை காதுகுத்து பிளக்ஸ் போர்டுகள். திராட்சை விலை விழுந்தபோது, அழுகின பழத்தைக் குழி வெட்டிப் புதைப்பதைவிட மேலே அனுப்புவது சல்லிசு என்று கண்டுபிடித்தார்கள். அந்த வருஷம் பூராவும் சாயங்கால வானம் ஊதா நிறத்தில் புளித்து நாறியது, ராயப்பன்பட்டி வரைக்கும் ஜன்னல்களைச் சாத்தி வைத்தார்கள். அதற்கும் மேல், "கொசுறா இந்த மெத்தையையும் ஏத்திக்கங்க" என்று மூத்திர வாடை அடிக்கும் மெத்தையோடு வந்து நின்றவர்களைப் பார்த்து ஜாஸ்பருக்குக் குமட்டியது. சுரேஷ்கண்ணனுக்குக் குமட்டவில்லை. மனுஷர் ஏறிப் போகிற கூண்டு ஒன்றைச் செய்து, இன்னும் மலிவாக வேண்டுமென்று அதன் உள்பஞ்சை உரித்தார். இரண்டு பாராசூட்டில் ஒன்றைக் கழற்றினார், மிச்சமிருந்ததைப் பாதியாக வெட்டினார். அதில் முதலில் போகக் கையெழுத்துப் போட்டவள் ஜாஸ்பரின் மகள் மகிமா. அந்தக் கம்பெனியிலேயே இன்ஜினியர், எடை நாற்பத்தொரு கிலோ. அரைப் பாராசூட் தாங்குவது பத்து.

"அண்ணாச்சி, நீங்க பாப்பாவப் பேசிப் பத்துக்குக் கொண்டாந்துட்டீகன்னா பத்திரமா எறங்கிரும்," என்றார் சுரேஷ்கண்ணன். "இல்லேன்னாலும் தேதிய மாத்த முடியாது."

"சரக்குலயே கைய வச்சுட்டு வெலையக் கொறச்சேங்கிற. இதுக்குப் பேரு யாவாரமாடா?"

மகிமா குறுக்கே வந்தாள். "அப்பா, நான் எப்படியும் போகத்தான் போறேன். கோவிச்சுக்க மாட்டேன், மனசார வையிங்க."

ஜெனிபர்தான் வீட்டில் தலையில் அடித்துக்கொண்டாள். "முப்பது வருசமா என் கொழம்பையும் என்னையும் சொல்லாத கொறையா? நான் ஒரு கிலோ எளச்சிருக்கேனா? இவுக வைஞ்சு அவ எளைக்கவா!"

தோப்புக் கொட்டகையில் எடை மேடைமேல் மகிமாவை நிறுத்தினார்கள். எடை இறங்கினால்தான் மகள் உயிரோடு திரும்புவாள் என்பதால் ஜாஸ்பர் நேர்மையாகவே முயன்றார். சுற்றி வந்தார், முகத்தைச் சுளித்தார். "கொழாய ஒழுங்கா மூடத் தெரியாது," என்றார். நாற்பத்திமூன்று. "சொன்ன பேச்சு கேக்காது." அறுபது. "ஊருல இல்லாத ரோசம்." எண்பத்தெட்டு.

"அண்ணாச்சி, ஏறுது," என்றார் சுரேஷ்கண்ணன்.

அது ஏறும் என்று பஜாரில் பிறந்த ஆளுக்குத் தெரிந்திருக்க வேண்டும். ஜாஸ்பர் அதுவரை மட்டம் தட்டியதெல்லாம் அடுத்தவன் சாமானை, வாங்குகிற பக்கம் நின்று. இந்தத் தடவை அவரை விற்கிற பக்கம் நிறுத்திவிட்டார்கள். தன் கடைச் சரக்கைக் குறை சொல்ல எந்தக் கடைக்காரனுக்கும் நாக்கு வளையாது. வளைத்தாலும் குறையே பெருமையாகத்தான் வெளியே வரும். ஜாஸ்பர் மறுபடி மேடையைச் சுற்றி வந்தார். வெறுக்க வேண்டும் என்று பல்லைக் கடித்துக்கொண்டு, "வாய் நீளம், அப்பிடியே ஆத்தாளக் கொண்டிருக்கு. பயம்னா என்னன்னே தெரியல கழுதைக்கு," என்றார். மேடை முன்னூறைத் தாண்டியது, கீழே கான்கிரீட் கீறியது, நானூற்றுப் பன்னிரண்டில் விளக்கு அணைந்தது. மகிமா பார்ப்பதற்கு அதே ஒல்லிக்குச்சியாகத்தான், தொளதொள சுடிதாரில் நின்றாள். ராக்கெட்டின் மொத்த எடையைவிட அவள் எடை அதிகம். ஏற்ற வழியில்லை.

தேதியை மாற்ற முடியாததால் கூண்டு காலியாகப் போய், திரும்பி வந்து ஒரு சோளக்காட்டில் அப்பளமாக விழுந்தது. சுரேஷ்கண்ணன் அதைக் காலால் புரட்டி, "ஒண்ணும் வீணில்ல, பழைய இரும்புக்குப் போயிரும்," என்று சொல்லி ஜாஸ்பரைப் பார்த்தார். ஜாஸ்பர் அவரை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, வாயைத் திறந்தால் மனுஷர் காற்றில் பறந்துவிடுவார் என்று நடையைக் கட்டினார்.

மகிமா நாலு மாசம் அப்பாவோடு பேசவில்லை. பிறகு கம்பெனியை விட்டு விலகி, பாராசூட் தைக்கும் பட்டறை ஒன்றைத் தேனியிலேயே போட்டாள். அரை அளவில் கேட்டு வருகிறவர்களைப் படியேற விடுவதில்லை. ஏறின எடை இறங்கவேயில்லை, பஸ் அவளை ஏற்றாததால் ஞாயிற்றுக்கிழமை டிப்பர் லாரியில் சர்ச்சுக்குப் போகிறாள். சபையார் அவளுக்கென்று ஒரு கருங்கல் பெஞ்சு போட்டிருக்கிறார்கள். அவள் கனம் இழுப்பதால் பக்கத்தில் நிற்பவர்களெல்லாம் அவள் பக்கமாகக் கொஞ்சம் சாய்ந்தபடியேதான் பாடுகிறார்கள், அது பழகிவிட்டது.