தொண்ணூற்றேழு புள்ளி ஆறு விழுக்காடு

கால் உடைந்து வீட்டில் உட்கார்ந்த நான்காவது நாள், பழனியப்பன் தன் மனைவி குமுதா அரிசி கழுவும் முறையில் மூன்று குறைகளைக் கண்டுபிடித்தார். ஐந்தாவது நாள், அவள் காரை வாசலில் நிறுத்தும் கோணம் சரியில்லை என்றார். ஆறாவது நாள், பக்கத்து வீட்டுக்காரர் வடிகால் வெட்டுவதைச் சன்னல் வழியாகப் பார்த்துவிட்டு, ஊன்றுகோலால் கம்பியைத் தட்டிக் கூப்பிட்டு, தண்ணீர் மேட்டுக்கு ஏறாது என்று தெரிவித்தார்.

குமுதா பொறுத்துக்கொண்டாள். இருபத்தாறு வருடமாக எஸ்கவேட்டர் ஓட்டிய மனிதர் அவர். மலேசியாவின் ஈப்போவைச் சுற்றியிருந்த கித்தா என்னும் ரப்பர்த் தோட்டங்களில் பாதி வீடமைப்புப் பகுதிகளாக மாறியதில் அவர் கைக்குப் பங்குண்டு. காலை ஏழரைக்கு ஏறினால் மாலை ஐந்துக்குத்தான் இறங்குவார். ஒரு மழை நாளில் இறங்கும்போது சேறு படிந்த இரும்புச் சங்கிலியில் கால் வழுக்கிவிட்டது. முழங்காலுக்குக் கீழே இரண்டு இடத்தில் முறிவு. மூன்று மாதம் ஆகும் என்றார் டாக்டர். இரண்டு வாரம் போதாதா என்று பழனியப்பன் பேரம் பேசிப் பார்த்தார். நடக்கவில்லை.

ஏழாவது நாள் காலை முதலாளி, சீனத் தவுக்கே, போன் செய்தார். பழனியப்பனின் இயந்திரத்தில் வேறு ஆளை ஏற்றியிருப்பதாகவும், அது தற்காலிகம்தான் என்றும் சொன்னார்.

"போலே தவுக்கே," என்று மலாயில் சரி சொல்லிவிட்டுப் பழனியப்பன் போனை வைத்தார்.

அன்று குமுதா சாதத்தைக் குழைய விட்டுவிட்டாள். அவர் ஒன்றும் சொல்லாமல் சாப்பிட்டார். மறுநாள் வேண்டுமென்றே காரைக் கோணலாக நிறுத்தினாள். பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். அப்போதுதான் அவளுக்குப் பயம் வந்தது.

குமுதா, வீடிருந்த புந்தோங்கிலிருந்து பத்து நிமிட தூரத்தில் ஒரு பல் மருத்துவரிடம் கவுண்டரில் வேலை பார்த்தாள். கூட வேலை செய்யும் நிரோஷா, ஓய்வு பெற்ற அரசாங்க அதிகாரியின் மகள். எதைக் கேட்டாலும் ஏற்கனவே தெரிந்து வைத்திருப்பவள். அவளிடம் விஷயத்தைச் சொன்னாள்.

"எஸ்கவேட்டர் ஓட்டுற கேம் இருக்குக்கா," என்றாள் நிரோஷா.

"அதை எதுக்குலா கேமாப் போடுறாங்க?"

"ஜெர்மன்காரங்களுக்கு ரொம்ப இஷ்டமாம். ஆனா அந்தக் கம்பெனி மூடியே ஏழெட்டு வருஷம் ஆச்சு. கடையில கிடைக்காது. டோரண்ட்லதான் எடுக்கணும்."

அது எப்படி என்று நிரோஷா விளக்கினாள். ஒரே இடத்திலிருந்து வருவதில்லை. யார் யார் கம்ப்யூட்டரில் அந்தக் கேம் இருக்கிறதோ, அவர்கள் ஆளுக்குக் கொஞ்சம் துண்டு துண்டாகக் கொடுப்பார்கள். வாங்கிக்கொண்டே நாமும் மற்றவர்களுக்குக் கொடுக்க வேண்டும்.

"கோத்தோங் ரோயோங் மாதிரி எல்லாரும் சேந்து கை கொடுக்கிறதா?"

"ஆமாக்கா. ஆனா கொஞ்சம் கள்ள வேலை."

குமுதா யோசித்தாள். கேம் செய்தவனே கடையைச் சாத்திவிட்டான். வீட்டில் இருக்கும் மனிதர் சுவரைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். பல் மருத்துவர் புது லேப்டாப் வாங்கியபோது அவளுக்குக் கொடுத்த பழையது சும்மாதான் கிடந்தது. அன்று மாலையே ஆரம்பித்தாள். டவுன்லோட் செய்யும் மென்பொருளை இறக்கும்போது எல்லாவற்றுக்கும் சரி என்று அமுக்காதீர்கள் என நிரோஷா படித்துப் படித்துச் சொல்லியிருந்தாள். குமுதா ஒரே ஒரு இடத்தில்தான் தவறினாள். அதன்பின் போலந்து நாட்டில் ஏதோ ஒரு ஊரின் வெயில் நிலவரம் திரையின் மூலையில் நிரந்தரமாக வந்து உட்கார்ந்துகொண்டது. எவ்வளவு முயன்றும் அது போகவில்லை.

கேம் இறங்கத் தொடங்கியது. பழனியப்பன் முதலில் அந்தப் பக்கமே திரும்பவில்லை. பச்சைக் கோடு ஒன்று இடமிருந்து வலமாக நகர்வதைப் பார்த்ததும், நாற்காலியைக் கொஞ்சம் இழுத்துப் போட்டார்.

"இது என்ன கொடி?"

"யாருகிட்டேருந்து வருதோ அந்த நாட்டுக் கொடிங்க."

"பிரேசில்காரன் எனக்கு எதுக்குக் கொடுக்கிறான்?"

"எல்லாருக்கும் கொடுக்கிறான். நம்மளும் அவனுக்குக் கொடுக்கிறோம்."

பழனியப்பன் வெகுநேரம் பிரேசிலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

மூன்றாம் நாள் தொண்ணூற்றேழு புள்ளி ஆறு விழுக்காட்டில் கோடு நின்றது. அதற்குப் பிறகு ஒரு வாரம் அசையவில்லை. நிரோஷாவிடம் கேட்டபோது, முழுசாக வைத்திருந்தவர் கம்ப்யூட்டரை அடைத்துவிட்டுப் போயிருப்பார் என்றாள். இருப்பவர்கள் எல்லாரிடமும் அதே தொண்ணூற்றேழு புள்ளி ஆறுதான். கடைசித் துண்டு யாரிடமும் இல்லை.

அழித்துவிட்டு வேறு கேம் தேடலாம் என்று குமுதா சொன்னாள். பழனியப்பன் சம்மதிக்கவில்லை. காலையில் பல் துலக்கியதும் லேப்டாப் முன்னால் போய் உட்கார்ந்தார். பதினோரு மணிக்குத் தேத்தண்ணி, ஒரு மணிக்குச் சோறு, ஐந்து மணிக்கு எழுந்தார். வேலை நேரம் மாதிரியே இருந்தது. குமுதா வீடு திரும்பியதும் அன்றைய நிலவரத்தைச் சொன்னார்.

"நம்மளோட சேத்து மொத்தம் பதினோரு பேரு நிக்கிறான். துருக்கிக்காரன் காலையிலேயே வந்துட்டான். இந்தோனேசியா ரெண்டு பேரு. பிரேசில் போய் போய் வர்றான், பாவம், அவன் ஊர்ல லைன் சரியில்ல போல."

"என்ன பண்றாங்க?"

"நம்ம மாதிரிதான். சும்மா நிக்கிறான்."

அந்தக் கேம் இருந்த பக்கத்தில் கீழே எழுதுவதற்கு இடம் இருந்தது. கிளினிக்கில் சாப்பாட்டு நேரத்தில், முழுசாக வைத்திருப்பவர் தயவுசெய்து கம்ப்யூட்டரைத் திறந்து வையுங்கள், என் வீட்டுக்காரர் கால் உடைந்து உட்கார்ந்திருக்கிறார் என்று குமுதா ஆங்கிலத்தில் எழுதினாள். பேரும் ஊரும் போட்டாள், கடிதம் எழுதினால் போட வேண்டும் என்று அவளுக்குப் பழக்கம். நான்கு நாள் கழித்துப் பதில் வந்தது.

"நான்தான் அதை ஏத்துனது. இடி விழுந்து கம்ப்யூட்டர் ரோசாக், கெட்டுப் போச்சு. ஹார்ட் டிஸ்க் நல்லா இருக்கு. நான் தெலுக் இந்தான். வந்தா எடுத்துக்கலாம். ஜெயபாலன்."

தமிழில்தான், ஆங்கில எழுத்துகளில் எழுதியிருந்தார். கீழே ஒரு போன் நம்பர் இருந்தது.

உலகம் முழுக்கச் சுற்றி வந்த பொருள் ஒன்றரை மணி நேரத் தூரத்தில் கிடக்கிறது என்று தெரிந்ததும், பழனியப்பன் ஊன்றுகோலைத் தேடினார்.

ஞாயிற்றுக்கிழமை காலை கிளம்பினார்கள். பின் சீட்டில் குறுக்காக உட்கார்ந்து கட்டுப் போட்ட காலை நீட்டிக்கொண்டு, பீடோர் வரை குமுதா கார் ஓட்டும் முறையைப் பற்றிப் பேசினார் பழனியப்பன். குமுதாவுக்கு அது கேட்க நன்றாக இருந்தது. பீடோர் தாண்டியதும் இரண்டு பக்கமும் செம்பனைத் தோட்டங்கள்.

தெலுக் இந்தானுக்கு முன்னால் திரும்பி, முன்பு கித்தாத் தோட்டமாக இருந்த ஓர் இடத்துக்குள் போனார்கள். ஜெயபாலன் வாசலில் நின்றிருந்தார். ஐம்பத்தைந்து வயதிருக்கும். பாசாரில் மீன் விற்பவர். அப்போதுதான் கடையை முடித்துவிட்டுக் குளித்திருந்தார், ஆனாலும் வாசம் தெரிந்தது.

"வாங்க அண்ணே, பாத்து, படி வழுக்கும்," என்று பழனியப்பனைப் பிடித்து ஏற்றினார். "நீங்களும் கேம் ஆடுறவரா?"

"நான் எஸ்கவேட்டர் ஓட்டுறவன்."

ஜெயபாலன் அவர் கையை விடாமல் நின்றார். "நெசமாவா?"

"இருபத்தாறு வருஷம். நீங்க எந்த மெஷின் ஓட்டுனீங்க?"

"மோட்டார்சைக்கிள்," என்றார் ஜெயபாலன்.

நிரோஷாவிடம் இரவல் வாங்கிய ஒரு வயரால் ஹார்ட் டிஸ்க்கை லேப்டாப்போடு குமுதா இணைத்தாள். கோப்புகள் நகலாக இருபது நிமிடம் ஆகும் என்று திரை சொன்னது. அந்த இருபது நிமிடத்தில், இந்தக் கேமைத் தான் நான்கு முறை முடித்திருப்பதாக ஜெயபாலன் சொன்னார். பத்து வருடத்துக்கு முன்னால் கோலாலம்பூரில் ஒரு கடையில் கடைசி சிடியாகக் கிடந்ததாம். தனக்கு மட்டும் வைத்துக்கொள்ள மனம் வராமல் ஏற்றிவிட்டாராம்.

"மீன் வெட்டி வெட்டிக் கை போச்சு அண்ணே. மண்ணு எவ்வளவு தோண்டினாலும் நாறாது பாருங்க."

"நெசத்துல நாறும்," என்றார் பழனியப்பன். "கித்தாக் கட்டையைப் புடுங்குனா அடியில இருக்கிற மண்ணு ரெண்டு நாளைக்கு மூக்க விட்டுப் போகாது."

"பக்கெட்டை நெறைச்சதும் லோரி மேல நேரா சுத்திக் கொண்டு போனா பதினஞ்சு செகண்ட் மிச்சமாகும் அண்ணே. யாருக்கும் தெரியாது அது."

"லோரி தலை மேலயா? டிரைவர் உள்ள இருப்பான்!"

"கேம்ல டிரைவரே இல்ல அண்ணே."

"அப்ப லோரி எப்படி வந்துச்சு?"

ஜெயபாலன் இதுவரை அதை யோசித்ததில்லை. இருவர் குரலும் ஏறியது. உள்ளேயிருந்து ஜெயபாலனின் மனைவி பாப்பா எட்டிப் பார்த்து, "சண்டையா?" என்று குமுதாவிடம் கேட்டாள்.

"இல்லக்கா. வேலையப் பத்திப் பேசுறாங்க," என்றாள் குமுதா.

பாப்பா சோறு போட்டாள். திருக்கை மீன் குழம்பு. சாப்பிட்டு முடித்ததும் ஜெயபாலன், கேமை இங்கேயே லேப்டாப்பில் போட்டுக் கொடுத்துவிடவா என்று கேட்டார். முழுசும் வந்துவிட்டது, இனி அந்த டோரண்டை அழித்துவிடலாம்.

"அழிக்கிறதா?" என்றார் பழனியப்பன். "மிச்சம் பத்துப் பேரு நிக்கிறானே."

பழனியப்பன் லேப்டாப்பைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார்.

"மொதல்ல அவனுங்களுக்குக் கொடுக்கலாம். துருக்கிக்காரன் மூணு வாரமா நிக்கிறான். ஒரு நாள் கூட லீவு எடுக்கல."

திரும்பி வரும் வழியில் அவர் மடியில் லேப்டாப்பை வைத்துக்கொண்டு, குண்டு குழி வரும்போதெல்லாம் கையால் தூக்கிப் பிடித்தார். குமுதா கண்ணாடியில் பார்த்தாள். தவுக்கே போன் செய்ததிலிருந்து அந்த முகத்தில் இல்லாத ஏதோ ஒன்று வந்திருந்தது. என்னவென்று அவளுக்குச் சட்டென்று பிடிபடவில்லை. அவசரம் என்று பிறகு புரிந்தது. எங்கேயோ போய்ச் சேர வேண்டிய மனிதரின் முகம்.

வீட்டில் குமுதா, கொண்டுவந்த கோப்புகளை டோரண்ட் இருந்த இடத்தில் போட்டு, நிரோஷா போனில் சொல்லச் சொல்ல, மறுபடியும் சரிபார்க்கும் பொத்தானை அமுக்கினாள். கோடு நூறு விழுக்காட்டைத் தொட்டது. ஒரு நிமிடம் ஒன்றும் ஆகவில்லை. பிறகு கொடிகள் ஒவ்வொன்றாக அசையத் தொடங்கின.

"துருக்கி தொண்ணூத்தெட்டு," என்றார் பழனியப்பன். "இந்தோனேசியாக்காரன் ஒருத்தன் முடிச்சிட்டான். குமுதா, முடிச்சவன் அடுத்தவனுக்குக் கொடுக்கிறான் பாரு!"

மறுநாள் மாலைக்குள் ஒன்பது பேர் முடித்துவிட்டார்கள். பிரேசில்காரர் மட்டும் புதன்கிழமை மதியம்தான் வந்தார். வந்து, பன்னிரண்டு நிமிடத்தில் வாங்கிக்கொண்டு, போய்விட்டார். ஒரு வார்த்தை சொல்லவில்லை. அந்தக் கொடி இருந்த இடத்தைப் பழனியப்பன் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, ஜெயபாலனுக்குப் போன் போட்டுச் செய்தி சொன்னார்.

வியாழக்கிழமைதான் கேமைக் கம்ப்யூட்டரில் போட்டார்கள். வைரஸ் தடுப்பு மென்பொருள் சிவப்பாகக் கத்தியது. அதை ஐந்து நிமிடம் அடைத்து வைக்கும்படி ஜெயபாலன் எழுதிக் கொடுத்திருந்தார். குமுதா கண்ணை மூடிக்கொண்டு அடைத்தாள். எழுத்தெல்லாம் ஜெர்மன். திரையில் மஞ்சள் எஸ்கவேட்டர் ஒன்று தோன்றியது. பழனியப்பன் முதுகை நிமிர்த்தி உட்கார்ந்து, விசைப்பலகையில் இரண்டு கையையும் வைத்தார்.

இருபது நிமிடம் ஆடினார். பக்கெட் நிறைய மண் எடுத்தும் இயந்திரம் ஒரு பக்கம் சாயவில்லை என்றார். சேற்றில் இறங்கியும் புதையவில்லை. டீசல் குறையவில்லை. யாரும் வந்து சீக்கிரம் முடி என்று கத்தவில்லை.

"இது சரிப்படாது," என்று சொல்லி எழுந்துகொண்டார். அதற்குப் பிறகு அவர் அதைத் தொடவே இல்லை.

ஆனால் லேப்டாப்பை அடைக்க விடவில்லை. புதிதாக யாராவது கேட்டு வந்தால் யார் கொடுப்பார் என்றார். வாரத்துக்கு ஒருவராவது வந்தார்கள். ஒருமுறை மங்கோலியாவிலிருந்து ஒருவர் வந்தபோது, அந்த நாடு எங்கே இருக்கிறது என்று தேடிப் பார்த்து, குளிரில் மண் எப்படி இறுகும் என்று குமுதாவுக்கு விளக்கினார். அரிசியைப் பற்றியும் பேச ஆரம்பித்திருந்தார்.

மூன்று மாதம் மூன்றரை மாதமாகி, கால் கட்டைப் பிரித்தார்கள். தவுக்கே அவருக்கு வேறு இயந்திரம் கொடுத்தார், பழையதைவிடச் சின்னது. பழனியப்பன் அதைப் பற்றி அதிகம் பேசவில்லை. ஏறும்போதும் இறங்கும்போதும் மட்டும் இப்போது திரும்பி நின்று இரண்டு கையாலும் பிடித்துக்கொள்கிறார் என்று கூட வேலை செய்பவர் சொல்லிக் குமுதாவுக்குத் தெரிந்தது.

குமுதா சனிக்கிழமை மதியங்களில் கேமை ஆடத் தொடங்கியிருந்தாள். சும்மா கிடக்கிறதே என்றுதான். மூன்று கட்டம் தாண்டிவிட்டாள். நான்காவதில் மாட்டிக்கொண்டு ஜெயபாலனுக்குப் போன் செய்தாள்.

"பக்கெட்டை நெறைச்சதும் லோரி மேலயே சுத்துங்க தங்கச்சி," என்றார் ஜெயபாலன்.

அப்போதுதான் வேலையிலிருந்து வந்த பழனியப்பன் வாசலில் பூட்ஸைக் கழற்றிக்கொண்டிருந்தார். "பின்பக்கமா சுத்து," என்று அங்கிருந்தே சொன்னார்.

"அண்ணன் சொல்றதக் கேக்காதீங்க, டைம் பத்தாது," என்றது போன்.

குமுதா பின்பக்கமாகச் சுற்றினாள். நேரம் போதவில்லை, திரையில் ஜெர்மன் மொழியில் ஏதோ கோபமாக எழுதிக் காட்டியது.

"பரவால்ல," என்றார் பழனியப்பன், நாற்காலியை இழுத்து அவள் பக்கத்தில் போட்டுக்கொண்டு. "யாருக்கும் அடிபடல. மறுபடி எடு."

அவள் மறுபடி எடுத்தாள்.