மூன்றாவது புடவை அசலுக்கு

1

இந்தக் கதை எனக்கு ஒரு வரிசையில் நிற்கும்போது கிடைத்தது. காஞ்சிபுரத்தில் ஒரு வீட்டுக்கடன் கம்பெனியின் கிளை அலுவலகம். என் மைத்துனன் வருமான வரிக்கு ஏதோ ஒரு தாள் வேண்டுமென்று என்னை அங்கே துரத்திவிட்டிருந்தான். எனக்கு முன்னால் ஒரு கணவன், மனைவி. அந்த அம்மாள் கல்யாணத்துக்குக் கிளம்பியவள் மாதிரி பட்டுக் கட்டியிருந்தாள். கையில் தாம்பாளம், அதில் வெற்றிலை, பாக்கு, பழம், மேலே வங்கியில் எடுத்த டி.டி. ஒன்று. "கடன முடிக்க வந்திருக்கோம்மா" என்று கவுன்ட்டர் பெண்ணிடம் சொன்னாள். குரலில் அவ்வளவு பூரிப்பு.

கவுன்ட்டர் பெண் கம்ப்யூட்டரைத் தட்டிப் பார்த்து ஒரு தொகையைச் சொன்னாள். தாம்பாளம் கீழே விழவில்லை. யாரும் மயங்கவில்லை. ஆனால் அந்த அம்மாளின் முகத்தைப் பார்த்த எனக்கு அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. நான் பார்த்தது ஏறக்குறைய அவ்வளவுதான். மீதியெல்லாம் நான் கட்டியது. சங்கரி என்ற பெயர்கூட நான் வைத்ததுதான். கணவன் உதயகுமார். இருவரும் பிள்ளையார்பாளையத்தில் பட்டு நெய்கிறவர்கள். ஆளுக்கொரு தறி.

2

முதலில் இப்படித் தொடங்கினேன்:

"கோயில் கோபுரத்தின் மேல் காலை வெயில் பொன்னைக் கரைத்து ஊற்ற..."

வேண்டாம். காஞ்சிபுரத்தைப் பற்றி எழுத உட்கார்ந்தவர்கள் எல்லோரும் நேராகக் கோபுரத்தில்தான் ஏறுகிறார்கள். இங்கே குடியிருப்பவர்கள் தரையைப் பார்த்து நடக்கிறவர்கள். ரோடு அந்த லட்சணத்தில் இருக்கிறது.

அடுத்த முயற்சி:

"உதயகுமார் பெருங்குடிகாரன். சம்பாதித்ததையெல்லாம்..."

இதுவும் வேண்டாம். புருஷனைக் குடிகாரனாக்கிவிட்டால் கடன் ஏன் தீரவில்லை என்று நான் கணக்கே போட வேண்டியதில்லை. பழியைப் பாட்டில் மேல் போட்டுவிட்டு நிம்மதியாகத் தூங்கலாம். உண்மை அதைவிட எரிச்சல் தருவது. உதயகுமாருக்கு டீயைத் தவிர ஒரு பழக்கமும் கிடையாது. ஏழு வருஷத்தில் ஒரு தவணைகூடத் தவறியதில்லை. எல்லாவற்றையும் ஒழுங்காகச் செய்தும் ஏமாந்தார்கள். அதை எழுதத்தான் எனக்குக் கை வராமல் இருந்தது.

3

சங்கரி செய்த தப்பு நெசவாளி மட்டுமே செய்யக்கூடிய தப்பு. விளக்கிவிடுகிறேன், கதை கொஞ்சம் காத்திருக்கட்டும்.

பட்டு நெய்கிறவர்கள் முதலாளியிடம் முன்பணம் வாங்குவார்கள். நாற்பதாயிரம் வாங்கினால், ஒவ்வொரு புடவையும் தறியிலிருந்து அறுத்துக் கொடுக்கும்போது கூலியில் ஆயிரம் பிடித்துக்கொள்வார். பிடித்த ஆயிரமும் நாற்பதில் அப்படியே கழியும். வட்டி என்ற பேச்சே வராது. (அவர் என்ன தர்மப் பிரபுவா? முன்பணம் தீரும்வரை தறி அவருக்குத்தான் ஓட வேண்டும். அதுதான் அவருக்கு வட்டி.)

சங்கரிக்கு நகைக்கடன் வட்டி தெரியாமல் இல்லை. ஆனால் அடகுக்கடையில் வட்டி தனி, அசல் தனி. வீட்டுக் கடனிலோ மாதம் பதினைந்தாயிரம் ஒரே தொகையாகப் பிடித்தார்கள். அவளுக்கு அது முதலாளியின் பிடித்தம் மாதிரியே பட்டது. வாங்கியது பதினைந்து லட்சம். மாதாமாதம் மனசுக்குள் பதினைந்தாயிரத்தைக் கழித்துக்கொண்டே வந்தாள். ஏழு வருஷத்தில் கட்டியது பன்னிரண்டு லட்சத்து அறுபதாயிரம். பாக்கி இரண்டு லட்சத்து நாற்பது. வட்டி கிட்டி என்று ஏதாவது கேட்பார்களே என்று மேலே ஒரு பத்தாயிரம் சேர்த்தாள். சீட்டுப் பணம் இரண்டரை லட்சத்தை எடுத்து டி.டி. ஆக்கிக்கொண்டு கிளம்பிவிட்டாள்.*

* சிரிக்காதீர்கள். உங்கள் வீட்டுக் கடனில் போன மாதம் அசலுக்கு எவ்வளவு போயிற்று? பார்த்தீர்களா, உங்களுக்கும் தெரியவில்லை.

4

கவுன்ட்டரில் இருந்தவள் துர்கா.

"பாக்கி பதிமூணு லட்சத்து எழுபத்திரண்டாயிரம்க்கா."

சங்கரி சிரித்தேவிட்டாள். "வேற யார்துனா பாத்துட்டியாம்மா? எங்கது உதயகுமாரு, பிள்ளையார்பாளையம்."

"உங்கள்துதான்க்கா."

"கட்டுனதே பன்னண்டரை லட்சம் தாண்டிடுச்சேம்மா!"

"முக்காவாசிக்கு மேல வட்டிக்குப் போயிருக்குது. நடுவுல வட்டி பத்தரைலேர்ந்து பன்னண்டா ஏறிடுச்சு. தவணைய ஏத்தாம வருஷத்த நீட்டி வுட்டுட்டாங்க. மெசேஜ் வந்திருக்குமே?"

வந்திருந்தது. இங்கிலீஷில், நூறு விளம்பரங்களுக்கு நடுவில்.

உதயகுமார் கவுன்ட்டருக்கு நெருங்கி வந்தான். "இன்னும் எத்தினி வருஷம்மா கட்டணும்?" என்றான்.

"இருபது வருஷம் எட்டு மாசம்."

கடன் வாங்கும்போது போட்ட கெடு இருபது வருஷம். ஏழு வருஷம் கட்டிய பிறகு பாக்கி இருபது வருஷம் எட்டு மாதம். இந்த இடத்தில் நான் எழுதுவதை நிறுத்திவிட்டு மறுபடி மறுபடி கணக்குப் போட்டுப் பார்த்தேன், கைப்பிழையாக இருக்குமோ என்று. இல்லை. ஒவ்வொரு மாதமும் வட்டி என்பது மீதி நிற்கிற அசலுக்கு. ஆரம்பத்தில் நிற்பது மலை, அதனால் தவணையில் பெரும்பங்கை வட்டி தின்றுவிடும். அந்த வட்டியும் ஏறினால் அசல் அசையாது. கடைசித் தவணை வரை கட்டினால் அந்தப் பதினைந்து லட்சத்துக்கு அவர்கள் கொடுத்திருப்பது ஏறக்குறைய ஐம்பது லட்சம்.

உதயகுமார் டி.டி.யை எடுத்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு படியிறங்கினான்.

5

"வித்துடலாம் சங்கரி" என்றான் வீட்டுக்கு வந்ததும். தெரு முழுக்க 'இந்த மாசத்தோட கடன் முடிஞ்சிது' என்று அவனே சொல்லி வைத்திருந்தான். அந்த வெட்கம் அவனைப் பிடுங்கித் தின்றது. "வித்துக் கடன அடச்சிட்டு ஐயம்பேட்டைல போகியத்துக்குப் போயிடலாம். இன்னும் இருபது வருஷம் எவன் கட்டுவான்?"

அடுத்த நாளே வீட்டுத் தரகர் அர்ஜுனன் வந்தார். இருபத்தெட்டு லட்சத்துக்குக் கேட்கிற ஆள் கையில் இருப்பதாகச் சொன்னார். முன்கூடத்தில் இருந்த இரண்டு தறிகளையும் பார்த்தார். "இந்தக் குழிய மூடி டைல்ஸ் ஒட்டிட்டோம்னு வையி, இன்னும் அம்பதாயிரம் கூடச் சொல்லலாம்பா."

சங்கரிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இவர்களுடையது குழித்தறி. தரையில் குழி வெட்டி, அதற்குள் காலை விட்டு மிதித்தால்தான் தறி ஓடும். வாடகை வீட்டுக்காரன் எவனும் தரையை வெட்ட விடமாட்டான். கல்யாணமான நாளிலிருந்து இருவரும் முதலாளி கொட்டகையில் போய் நெய்துவிட்டு வந்துகொண்டிருந்தார்கள். இந்த வீட்டை வாங்கியதே இரண்டு குழி வெட்டத்தான். பால் காய்ச்சுவதற்கு முன்பே குழி வெட்டிவிட்டார்கள். மொத்தப் பணம் கொடுத்துக் குடியிருக்கிற போகிய வீட்டிலும் அதே கதைதான், மறுபடி கொட்டகைதான்.

(இந்த இடத்தில் சங்கரியை இரண்டு பத்தி அழ வைத்திருந்தேன். வெட்டிவிட்டேன். அழுதாள்தான். ஆனால் அழுதுகொண்டே, "நாம கட்டற பதினஞ்சுல அசலுக்கு எம்மாம் போவுது?" என்று கேட்டாள். உதயகுமாருக்குத் தெரியவில்லை. எனக்கும் அப்போது தெரியாது.)

மறுநாள் காலை பீரோவிலிருந்து டி.டி.யை எடுத்துக்கொண்டு, தனியாக ஷேர் ஆட்டோ ஏறினாள்.

6

துர்காவைப் பற்றி ஒரு வார்த்தை. முதல் பிரதியில் அவளை வில்லியாக்கியிருந்தேன். "ரூல்ஸ் அப்படித்தான்க்கா" என்று சொல்லிவிட்டு நகத்தைப் பார்த்துக்கொண்டு... இல்லை. நான் நேரில் பார்த்த கவுன்ட்டர் பெண் நாற்காலியை இழுத்துப் போட்டு அந்த அம்மாளை உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்தாள். அவளை வில்லியாக்க எனக்கு மனசு வரவில்லை. கதைக்கு வில்லி இல்லாமல் போனால் போகட்டும், அந்த வேலையை வட்டி பார்த்துக்கொள்ளும்.

"இந்த மாசம் அசலுக்கு ஆயிரத்து முந்நூறுக்கா" என்றாள் துர்கா.

"மத்தது?"

"பதிமூணாயிரத்து எழுநூறு வட்டி."

"ஏழு வருஷமா வட்டிக்குத்தான் நெய்துக்கினு இருந்திருக்கோம்" என்றாள் சங்கரி. டி.டி.யை எடுத்து மேஜையில் வைத்தாள். "சரி. இந்த ரெண்டரை லட்சத்த இப்பக் கட்டுனா?"

"மொத்தமும் அசல்ல கழியும். உங்கள்து ஏறி எறங்குற வட்டி, அதனால முன்னாடியே கட்டறதுக்கு அபராதம் கெடையாது."

"புதுசா வாங்கறவங்களுக்கு இன்னா வட்டி?"

துர்கா சுவரில் இருந்த போஸ்டரைக் காட்டினாள். சிரிக்கிற குடும்பம் ஒன்றின் தலைக்கு மேல் 'பத்து சதவீதம்' என்று போட்டிருந்தது.

"அவங்களுக்குப் பத்து, எனக்குப் பன்னண்டா?"

"கேட்டாத்தான்க்கா கொறைப்பாங்க."

இப்போதுதான் சங்கரி எனக்கே தோன்றாத ஒன்றைச் செய்தாள். ஒரு முதலாளி கூலியை ஏற்றாவிட்டால் நெசவாளி என்ன செய்வான்? இன்னொரு முதலாளியிடம் போவான். பழைய முன்பணத்தைப் புது முதலாளி கட்டித் தீர்ப்பார், தறி அவருக்கு மாறும். சங்கரியே அப்படி மூன்று முதலாளிகளைப் பார்த்தவள்.

"வேற எடத்துல பணம் வாங்கி ஒங்களுக்கு அடச்சிட்டு அங்க போயிட முடியுமா? நாங்க முதலாளி மாத்தற மாதிரி?"

துர்கா மேனேஜர் அறையை ஒருமுறை பார்த்தாள். குரலைத் தாழ்த்திக்கொண்டாள். "முடியும்க்கா. அதச் சொல்லித்தான் உள்ள கேக்கணும்."

7

மேனேஜர் யேசுதாஸ் மரியாதையான மனிதர். வட்டியைப் பதினொன்றுக்கு இறக்கித் தருவதாகச் சொன்னார்.

"பாக்கி எவ்ளோன்னு ஒரு லெட்டர் குடுத்துடுங்க சார். நான் வேற எடம் பாத்துக்கறேன்."

"பத்தரை."

சங்கரி எழுந்துவிட்டாள். கூலி பேசிப் பேசி வளர்ந்த கால்கள் அவளுடையவை. எப்போது எழ வேண்டும் என்று அவற்றுக்குத் தெரியும்.

"உக்காருங்கம்மா. பத்து. ஆனா மாத்தறதுக்கு ஒரு கட்டணம் உண்டு."

"கட்டறேன். தவணை பதினஞ்சாயிரமே இருக்கட்டும் சார். வருஷத்தக் கொறச்சிக் குடுங்க."

கடைசியில் அவள் சொன்னதற்கு அடிக்கோடு போட்டுக்கொள்ளுங்கள். தவணை குறைகிறதே என்று வாயைப் பிளந்திருந்தால் வருஷங்கள் அப்படியே நின்றிருக்கும். இரண்டரை லட்சமும் இரண்டு சதவீதமும் சேர்ந்து என்ன செய்தன என்று துர்கா போட்டுப் பார்த்துச் சொன்னாள்: ஒன்பது வருஷம் பத்து மாதம். ஒரே காலை நேரத்தில் ஏறக்குறைய பதினொரு வருஷத்தை அறுத்து எடுத்துக்கொண்டு சங்கரி படியிறங்கினாள்.

இதை எழுதி முடித்ததும் நான் கத்திவிட்டேன். சின்ன காஞ்சிபுரத்தில் வீடுகளெல்லாம் ஒட்டிக்கொண்டு இருக்கும். பக்கத்து வீட்டுக்காரர் ஜன்னலில் எட்டி, "யாரு அவுட்டு?" என்று கேட்டார்.

8

அவள் வீட்டுக்குள் நுழையும்போது அர்ஜுனன் அட்வான்ஸ் பணத்தோடு உட்கார்ந்திருந்தார். உதயகுமார் அதை இன்னும் கையில் வாங்கவில்லை. சங்கரி நடந்ததைச் சொன்னாள்.

"ஒம்போது வருஷம் பத்து மாசமும் ரொம்பத்தானே சங்கரி" என்றான் அவன். நம்புவதற்குப் பயந்த குரல்.

"ஒங்க தறிக் கூலி தவணைக்கு. என் தறில ஒரு பாவு நூலு ஏத்துனா ஒண்ணரை மாசத்துல மூணு புடவை வருதில்ல? ரெண்டு புடவை கூலி வீட்டுச் செலவுக்கு. மூணாவது புடவை கூலி அசலுக்கு. சோத்துக்குக் கொஞ்சம் இழுத்துப் புடிக்கணும், புடிப்போம். அந்தப் பொண்ணாண்ட போட்டுப் பாக்கச் சொன்னேன். ஆறரை வருஷத்துல முடிஞ்சிடும்ங்க."

"உதயகுமாரு, பார்ட்டி காத்துக்கினு இருக்காங்கப்பா" என்றார் அர்ஜுனன். உதயகுமார் எழுந்தான். சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினான். குழிக்குள் காலை இறக்கித் தறியை மிதிக்கத் தொடங்கினான்.

"இருபத்தெட்டரை!" என்று அர்ஜுனன் தறிச் சத்தத்துக்கு மேல் கத்தினார். சங்கரி தன் தறியில் போய் உட்கார்ந்தாள். இப்போது இரண்டு தறியும் ஓடின. "இருபத்தொம்போது!"

"ஒண்ணும் காதுல விழலப்பா. தறி ஓடிக்கினு இருக்குது" என்றாள் சங்கரி. அவள் சிரித்ததைப் பார்த்து உதயகுமாரும் சிரித்துவிட்டான். அந்தச் சிரிப்புக்காகவே இந்தக் கதையை எழுதினேன் என்றும் வைத்துக்கொள்ளலாம்.

9

இனி முடிவு. என்னிடம் சில இருக்கின்றன.

ஒன்று: ஆறரை வருஷம் கழித்து, வீட்டுப் பத்திரம் கைக்கு வந்து, சங்கரி அதைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு... இதை நான் எப்படி எழுதுவது? அந்த வருஷங்கள் இன்னும் பிறக்கவில்லையே.

இரண்டு: வட்டி மறுபடி ஏறுகிறது. ஏறலாம். ஆனால் இனி அவள் மெசேஜைப் படிக்காமல் விடமாட்டாள், அதனால் இந்த முடிவில் சுவாரசியம் இல்லை.

மூன்று என்று எழுதிவிட்டு விட்டுவிட்டேன்.

நடந்ததை மட்டும் சொல்கிறேன். அந்தப் பாவின் மூன்றாவது புடவையை அறுத்த அன்று கூலி ஏழாயிரத்து ஐநூறையும் சங்கரி நேராகக் கவுன்ட்டருக்குக் கொண்டுபோனாள். துர்கா வரவு வைத்துக்கொண்டு, தவணையோடு சேர்த்து அந்த மாதக் கணக்கைச் சொன்னாள். வட்டிக்கு ஒன்பதாயிரத்து முந்நூறு. அசலுக்குப் பதிமூன்றாயிரத்து இருநூறு. ஏழு வருஷத்தில் முதல்முறையாக அசல் ஜெயித்திருந்தது. "இன்னொரு வாட்டி சொல்லும்மா" என்றாள் சங்கரி. துர்கா சொன்னாள். பின்னால் வரிசையில் நின்றவர்களுக்கும் கேட்கட்டும் என்று சத்தமாகவே சொன்னாள்.

முடிவை நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள். நாள், நட்சத்திரம், வட்டி விகிதம், எதை வேண்டுமானாலும் மாற்றிக்கொள்ளுங்கள். வீட்டை மட்டும் விற்றுவிடாதீர்கள். பழைய பிரதிகளில் நான் இரண்டு தடவை விற்றுப் பார்த்தேன். இரண்டு தடவையும் சங்கரி தறியை விட்டு எழுந்திருக்கவில்லை.