அரிந்து வைத்த காய்கள்

ஐஸ் பெட்டி வாசலில் திரும்பவில்லை. நான்கு பேர் அதை ஒருக்களித்துப் பிடித்தபடி மழையில் நிற்க, ரசூல் முன்னறைக்குள் புகுந்து தரையில் கிடந்தவற்றை ஒதுக்கினான். சாக்கு, அரிவாள்மனை, சுவரோரமாக ஈரத்துணி போட்டு மூடிய இரண்டு பெரிய அலுமினியச் சட்டிகள்.

"அக்கா, இத எங்கன வைக்க?"

சண்முகசுந்தரி திரும்பிப் பார்த்தாள். துணி விலகிய இடத்தில் கேரட்டும் பீன்ஸும் தெரிந்தன.

"அடுப்படியில வைங்க தம்பி."

தேரடிப் பக்கம் சாயங்காலத்தில் சூப் வண்டி போடுகிறவன் அவள் புருஷன் பேச்சிராஜ். கார்த்திகை பிறந்து மழையும் வாடையும் இறங்கிவிட்டால் அவனுக்கு நல்ல ஓட்டம். காலையிலேயே காய் அரிய உட்கார்ந்துவிடுவான். இன்றும் அப்படித்தான். முட்டைக்கோஸில் பாதியை அரிந்தவன், நெஞ்சைப் பிடிக்கிற மாதிரி இருக்கிறது, வாயுவாக இருக்கும் என்றான். கையைக் கழுவி, சட்டை மாற்றிக்கொண்டு ரசூலின் பைக்கில் ஏறிப் போனான். ரசூல் சூப் வண்டிக்குப் பக்கத்தில் பழக்கடை வைத்திருப்பவன். அவள் வீட்டைப் பூட்டி, ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேர்ந்தபோது ரசூல் வாசலிலேயே நின்றிருந்தான். பேச்சிராஜின் செருப்பைக் கையில் பிடித்திருந்தான்.

இப்போது பேச்சிராஜ் ஐஸ் பெட்டியின் கண்ணாடி மூடிக்குள் கிடந்தான். மகள் கோமதித்தாய் திருப்பூரிலிருந்து வந்துகொண்டிருந்தாள். அவள் வந்த பிறகுதான் எடுக்க வேண்டும். மழையில் பந்தல்காரர் இன்னும் வரவில்லை. திருவேங்கடத்திலிருந்து பேச்சிராஜின் அக்கா பொன்செல்வி வந்தாள். அவளோடு பஸ் ஏறி வந்த சொந்தக்காரர்கள் அழுது முடித்துவிட்டு, உட்கார இடமில்லாமல் சுவரோடு சுவராக ஒண்டி நின்றார்கள். எல்லாருடைய துணியும் நனைந்திருந்தது. ஒரு கிழவருக்கு நடுக்கத்தில் தாடை அடித்துக்கொண்டது. எதிர்வீட்டிலிருந்து வந்த காப்பி பாதிப் பேருக்குக்கூடப் போதவில்லை.

சண்முகசுந்தரி எழுந்து அடுப்படிக்குப் போனாள். சட்டியின் மேல் கிடந்த துணியை எடுத்துப் பார்த்தாள். கேரட், பீன்ஸ், நூக்கல், பூசணி, பாதிக் கோஸ். பிறகு ரசூலைக் கூப்பிட்டாள்.

"தம்பி, வண்டிய ஜன்னலுக்கு நேரா தள்ளிட்டு வாரியளா?"

"எதுக்குக்கா?"

"சூப்பு போடணும்."

பொன்செல்வி பின்னாலேயே வந்துவிட்டிருந்தாள்.

"ஏட்டி, ஒனக்குப் புத்தி பேதலிச்சுட்டா? எம் தம்பி அங்கன கிடக்கான். எடுக்குற வரைக்கும் அடுப்பு பத்தவைக்கப்படாதுன்னு தெரியாதா?"

"வீட்டு அடுப்பு இல்ல மதினி. வண்டி அடுப்பு. தெருவுலதான்."

"தெருவுல வச்சா மட்டும்? புருசன் செத்த அன்னிக்கே கடை போட்டுட்டாள்னு ஊரு சிரிக்கும்."

"வந்தவுக எல்லாம் வெறயலோட நிக்காவ. இது ஒங்க தம்பி அரிஞ்சு வச்சது. நாளைக்கு அழுகிப் போவும். குப்பையில கொண்டுபோயி கொட்டச் சொல்லுதியளா?"

பொன்செல்வி சட்டியருகே வந்தாள். குனிந்து சட்டிக்குள் பார்த்தாள். ஒரு பீன்ஸ் துண்டை எடுத்து விரலுக்குள் வைத்து உருட்டினாள். பின் அதைச் சட்டிக்குள்ளேயே போட்டுவிட்டு, "என்னமும் செய்யி" என்று திரும்பிப் போனாள்.

ரசூலுக்குச் சூப் வைத்துப் பழக்கமில்லை. வண்டியின் தகரக் கூரையில் மழை அடிக்க, ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு உள்ளே பார்த்துக் கேட்டான். பெட்டிக்கும் ஜன்னலுக்கும் நடுவில் அவள் உட்கார்ந்திருந்தாள்.

"அக்கா, மொதல்ல என்ன போட?"

"பருப்பும் பூசணியும் போடுங்க. நல்லா குழையட்டும். மத்த காய இப்பவே போட்டுராதிய."

கொஞ்சம் பொறுத்து மறுபடியும் வந்தான்.

"மாவு எதும் கரைக்கணுமா?"

"வேண்டாம். பூசணி மசிஞ்சாலே கெட்டியாயிரும். அவிய மாவு சேக்க மாட்டாவ. பிடிக்காது அவியளுக்கு."

சொல்லிவிட்டு அவள் கண்ணாடி மூடியைப் பார்த்தாள். ரசூலும் ஜன்னலை விட்டுப் போகவில்லை. ஐஸ் பெட்டியின் மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது.

"இஞ்சி பூண்டு தட்டிப் போடுங்க தம்பி," என்றாள் பிறகு. "மிளகு கடைசியிலதான். மல்லி எறக்குனப்புறம்."

கொதி வந்தபோது மிளகும் பூண்டுமாக வாசனை ஜன்னல் வழியே ஏறியது. எந்நாளும் வியாபாரம் முடிந்து, இருட்டின பிறகு பேச்சிராஜின் சட்டையோடு வீட்டுக்குள் வருகிற வாசனை அது. இன்று பகலிலேயே வந்துவிட்டது. சண்முகசுந்தரி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

முதலில் யாரும் கை நீட்டவில்லை. டம்ளர்கள் வண்டித் தட்டில் ஆவி பறக்க இருந்தன. கூட்டம் பொன்செல்வியைப் பார்த்தது. அவள் எழுந்து வெளியே போய், ஒரு டம்ளரைத் தூக்கி வந்து, நடுங்கிக்கொண்டிருந்த கிழவரின் கையில் வைத்து, விரல்களை மடக்கிப் பிடிக்கவைத்தாள்.

"குடிங்க மாமா. தம்பி கையால அரிஞ்சது."

அதன் பிறகு அவளே ஒவ்வொருவருக்காகக் கொண்டுபோய்க் கொடுத்தாள். பிள்ளைகளுக்கு ஆற்றிக் கொடுத்தாள். சண்முகசுந்தரியிடமும் ஒரு டம்ளர் வந்தது.

"ஒரு வாய் குடிட்டி. காலையிலருந்து ஒண்ணும் திங்கல நீ."

"கோமதி வரட்டும் மதினி."

பொன்செல்வி வற்புறுத்தவில்லை. அவளருகில் உட்கார்ந்து, அந்த டம்ளரை இரண்டு கைகளாலும் பிடித்துக்கொண்டு மெல்ல மெல்லத் தானே குடித்தாள்.

சாயங்காலம் மழை தூறலாகியிருந்தபோது ஒரு பைக் வந்து வண்டி முன்னால் நின்றது. மழைக்கோட்டு போட்ட இளவட்டம் ஒருவன் தூக்குச்சட்டியை நீட்டினான். டம்ளரும் கையுமாக நின்றவர்களைக் கண்டு வியாபாரம்தான் என்று நினைத்துவிட்டான்.

"தேரடில வண்டியக் காணோம்னு சுத்திட்டு வாரேன். சின்னவளுக்குக் காய்ச்சல், இதுதான் இறங்கும். அண்ணாச்சி எங்க?"

ரசூல் கரண்டியோடு ஜன்னலைப் பார்த்தான்.

"ஊத்திக் குடுங்க தம்பி," என்றாள் சண்முகசுந்தரி உள்ளிருந்து.

ரசூல் கழுத்துவரை நிரப்பி மூடிக் கொடுத்தான். வாங்கும்போதுதான் அந்த ஆள் ஜன்னலுக்குள் பார்த்தான். பார்த்தபடியே நின்றான். பின் செருப்பைத் தெருவிலேயே கழற்றிவிட்டு, மழைக்கோட்டிலிருந்து தண்ணீர் சொட்டச் சொட்ட உள்ளே வந்து, பெட்டியின் கால்மாட்டில் நின்றான்.

அவன் ஒரு கையில் ஹெல்மெட், மறு கையில் தூக்குச்சட்டி. கீழே வைக்கலாமென்றால் எங்கும் மாலையும் உதிரிப் பூவும் ஆட்களின் கால்களுமாக இருந்தது. ஹெல்மெட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, சட்டியை என்ன செய்வதென்று தெரியாமல் விழித்தான்.

சண்முகசுந்தரி எழுந்து போய்க் கையை நீட்டினாள். அவன் கொடுத்தான். சட்டி கொதிக்கக் கொதிக்க இருந்தது. முந்தானையைச் சுற்றி அடியில் தாங்கிக்கொண்டாள். அவன் கும்பிட்டு முடிக்கிறவரை அவள் அதை அப்படியே பிடித்துக்கொண்டு நின்றாள்.