அசாபிக்குக் கிடைத்த நல்லவள் வேடம்

யொருபா மொழி பேசும் ஆப்பிரிக்க ஊர்களில் அசாபி அடி வாங்காத ஊர் குறைவு. அவள் தொழிலே அடியோடுதான் தொடங்கியது. அவள் முதலில் சேர்ந்தது, லாரியில் ஏறி ஊர் ஊராக நாடகம் போடும் ஒரு குழுவில். அதன் முதலாளி, நன்றாக நடிக்கும் பெண்களை எல்லாம் கட்டிக்கொள்வார். பெண்டாட்டி ஆகிவிட்டால் வேறு குழுவுக்கு ஓட மாட்டாள், சம்பளமும் கேட்க மாட்டாள். அந்தக் காலத்து நாடக முதலாளிகள் எல்லாருமே இந்தப் புண்ணியத்தைச் செய்தவர்கள்தான். அசாபி அவருக்கு ஐந்தாவது. மேடையில் அவர் அரசர், இவள் இளவரசனுக்கு விஷம் வைக்கும் சக்களத்தி. வசனம் தவறினால் அங்கேயே நிஜமாக அறைவார். ஜனம் நடிப்பென்று நினைத்துக் கைதட்டும். அப்படி ஒரு கைதட்டலில்தான் அவளுடைய கடைவாய்ப்பல் போனது.

அவர் செத்தபின் தொலைக்காட்சி வந்தது. அதில் அசாபி பேரப்பிள்ளைகளைத் தின்னும் சூனியக்கார மாமியார். தொடர் ஓடிய காலத்தில் சந்தையில் அவளுக்குத் தக்காளி விற்க ஆள் இல்லை. அபெயோகுட்டாவில் அகாரா வடை சுட்டுக்கொண்டிருந்த ஒருத்தி, கொதிக்கிற எண்ணெயைக் கரண்டியில் மொண்டு அவள் கையில் ஊற்றினாள். பிறகு சினிமாவிலும் அதே கதை. கெட்டவள் வேண்டுமா, கூப்பிடு அசாபியை. அவளுக்கும் சலித்துவிட்டது. கண்ணை மூடுவதற்குள் ஜனம் தன்னைப் பார்த்து ஒரு முறையாவது அழ வேண்டும் என்று அவளுக்கு வெறியே வந்திருந்தது.

அதனால்தான் கொலாடே என்ற இயக்குநர் கொண்டுவந்த வேடத்தைக் கேட்டதும் அவள் கூலி பேசவில்லை. பிள்ளையைத் தொலைத்துவிட்டுப் புத்தி பேதலித்துத் தெருத்தெருவாகத் தேடும் தாய். இபாடானுக்கு வெளியே ஒரு சந்தையில் படப்பிடிப்பு. கேமராவைக் கண்டால் ஜனம் பல்லைக் காட்டிக்கொண்டு நிற்கும் என்பதால், திரை போட்ட வேனுக்குள் ஒளித்துவைத்து எடுப்பது என்று முடிவாயிற்று. சந்தைத் தலைவியிடம்கூடச் சொல்லவில்லை. சொன்னால் அந்தம்மாள் தன் தங்கைகளுக்கும் வேடம் கேட்பாள் என்று கொலாடே சிரித்தான்.

அசாபி உடம்பெல்லாம் கரி பூசி, சடை விழுந்த மயிரை ஒட்டவைத்து, கந்தலைச் சுற்றிக்கொண்டாள். இடுப்பில் மைக் பெட்டியைக் கட்டினார்கள். அந்த வட்டாரத்தில் பிள்ளைகள் காணாமல் போய்க்கொண்டிருந்தது இவர்களுக்குத் தெரியாது. கடத்துகிறவர்கள் பைத்தியக்கார வேடம் போட்டு வருகிறார்கள், கந்தலுக்குள் போன் வைத்திருப்பார்கள் என்று சந்தை முழுக்கப் பேச்சு. முந்தின நாள்தான் மிளகாய் வரிசையிலிருந்து ஆறு வயதுப் பையன் ஒருவன் காணாமல் போயிருந்தான். கொலாடே யாரிடமாவது ஒரு வார்த்தை கேட்டிருந்தால் போதும்.

அசாபி மிளகாய் வரிசைக்குள் நுழைந்து, என் பிள்ளையைப் பார்த்தீர்களா என்று ஒவ்வொரு கூடையாகத் தூக்கிப் பார்த்தாள். நன்றாகத்தான் செய்தாள். ஒரு கிழவி கண்ணைத் துடைத்ததைக் கூடப் பார்த்துவிட்டாள். மனசுக்குள் குதித்தாள். அந்தச் சமயம் பார்த்து ஒருத்தி, கூடையைக் கலைக்காதே என்று கந்தலைப் பிடித்து இழுத்தாள். மைக் பெட்டி ஒயரோடு கீழே விழுந்தது. அதில் சிவப்பாக விளக்கு எரிந்துகொண்டிருந்தது.

"பைத்தியம் இல்லடி இவ. பெட்டி வச்சிருக்கா, பாரு."

அவ்வளவுதான். முதல் அடி உலக்கையால் விழுந்தது, தோளில். அடுத்தது யார் அடித்தது என்றே தெரியவில்லை. கல், செருப்பு, தராசுத் தட்டு, கையில் கிடைத்ததெல்லாம் விழுந்தது. ஒட்டுச்சடையைப் பிய்த்தார்கள், அதோடு சொந்த மயிரும் தோலும் வந்தது. நான் அசாபி, நடிகை அசாபி, படம் எடுக்கிறோம் என்று கத்தினாள். அசாபி பெரிய காரில் போகிறவள், கரி பூசிக்கொண்டு இங்கே எதற்கு வருகிறாள் என்று ஒருவன் வயிற்றில் உதைத்தான். குரலை வைத்து இன்னொருத்தி கண்டுபிடித்துவிட்டாள். அது இன்னும் வினையாகப் போயிற்று.

"அவளேதான். பிள்ளை தின்ன மாமியார். அன்னிக்கே சொன்னேன், மனசுக்குள்ள இல்லாம நடிப்புல வராதுன்னு."

வேனுக்குள் கொலாடே முதலில் இதைப் பிரமாதமான நடிப்பு என்று நினைத்துக் கேமராவை ஓடவிட்டான், பாவி. விஷயம் உறைத்ததும் ஓட்டுநர் வண்டியைக் கிளப்பிவிட்டான். தன்னை விட்டுவிட்டு அது போவதை அசாபி தரையில் கிடந்தபடி, வீங்கிய கண்ணின் இடுக்கு வழியாகப் பார்த்தாள்.

டயர் வந்தது. அசாபியின் கழுத்தில் மாட்டிப் பெட்ரோலை ஊற்றினார்கள். தீக்குச்சியைக் கிழிக்கும் உரிமை பிள்ளையைப் பெற்றவளுக்குத்தான் என்று சொல்லி, காணாமல் போன பையனின் தாயைத் தள்ளிக்கொண்டு வந்தார்கள். அவள் பெயர் சிக்கிரா, மிளகாய் விற்பவள். விடிந்ததிலிருந்து பஸ் நிலையத்தில் தேடிவிட்டு அப்போதுதான் வந்திருந்தாள். தீப்பெட்டியைக் கையில் திணித்தார்கள். அவள் அதைப் பார்க்கவே இல்லை. அசாபியின் முன்னால் முழங்காலிட்டாள்.

"அக்கா, நான் உன்னை எரிக்க விடமாட்டேன். என் அகான்னி எங்கன்னு மட்டும் சொல்லு. நீலச் சட்டை போட்டிருந்தான். இடது காதுல ஒரு சின்ன மச்சம்."

பெட்ரோல் கண்ணில் இறங்கி எரிந்தது. அசாபி அந்தத் தாயின் முகத்தைப் பார்த்தாள். உண்மையைச் சொன்னால் சாவு. இந்தக் கூட்டத்தில் தன்னை நம்பத் தயாராக இருப்பது இவள் ஒருத்திதான். அசாபிக்கு இருந்தது ஒரே ஒரு தொழில். அதைச் செய்தாள்.

"உயிரோட இருக்கான்." மூச்சை அடக்கி, மெதுவாகச் சொன்னாள். "காதுல மச்சம், ஆமா. காலைல அகாரா சாப்பிட்டான். அம்மா எப்ப வரும்னு கேட்டான். இடம் எனக்கு மட்டும்தான் தெரியும். என்னைப் போலீஸ்கிட்ட கூட்டிட்டுப் போ, அங்க சொல்றேன்."

சிக்கிரா அவள்மேல் குப்புற விழுந்து மூடிக்கொண்டாள். கொளுத்துவதானால் என்னையும் சேர்த்துக் கொளுத்துங்கள் என்றாள். அசாபிக்கு விழ வேண்டிய இரண்டு மூன்று கம்படி அவள் முதுகில் விழுந்தது. நகரவில்லை. டயரைத் தன் கையாலேயே கழற்றினாள். வாடகை மோட்டார் சைக்கிள் ஒன்றில், ஓட்டுகிறவனுக்கும் தனக்கும் நடுவில் அசாபியை உட்காரவைத்து, விழாதபடி பின்னாலிருந்து இறுக்கிக் கட்டிக்கொண்டாள். வழியெல்லாம் அவள் காதில், நன்றி அக்கா, நன்றி அக்கா என்று சொல்லிக்கொண்டே வந்தாள்.

கொலாடே போலீஸ் நிலையத்துக்கு முன்பே வந்து எல்லாவற்றையும் சொல்லியிருந்தான். போலீஸ்காரர்கள் வானத்தில் சுட்டு, பின்னாலேயே துரத்தி வந்த கூட்டத்தைக் கலைத்தார்கள். இன்ஸ்பெக்டர், வயதில் பெரியவளைக் கூப்பிடும் மரியாதையோடு, மம்மி உங்களுக்கா இந்தக் கதி என்று நாற்காலி போட்டார். ஈரத் துணி வந்தது, குளிர்ந்த மால்ட் பானம் ஒரு பாட்டில் வந்தது. ஆஸ்பத்திரி வண்டி வருவதற்குள் ஒரு போலீஸ்காரன், என் மனைவி உங்கள் ரசிகை என்று போனைத் தூக்கிப் படம் வேறு எடுத்தான். சிக்கிரா சுவரோரம் நின்று, மரியாதையாகக் காத்திருந்தாள். அவர்கள் அசாபியை நன்றாகக் கவனிக்கக் கவனிக்க, இனி இடத்தைச் சொல்லிவிடுவாள் என்று அவள் முகம் தெளிந்தது.

அசாபியால் அதைப் பார்க்க முடியவில்லை. அவளைக் கிட்டே கூப்பிட்டாள். எனக்கு ஒன்றும் தெரியாது, நான் வெறும் நடிகை, உயிருக்குப் பயந்து பொய் சொன்னேன், என்னை மன்னித்துவிடு என்றாள். உடைந்த வாயால் அதைச் சொல்வது, வாங்கிய அடியை எல்லாம் விட அதிகமாக வலித்தது.

சிக்கிரா மறுத்துத் தலையை ஆட்டினாள்.

"இல்ல. அப்ப சொன்னதுதான் நிஜம். நான் உன் முகத்தப் பாத்தேன். இப்பதான் நடிக்கிற."

அசாபி எவ்வளவோ சொன்னாள். சொல்லச் சொல்ல சிக்கிராவுக்குக் கோபம்தான் ஏறியது. சட்டென்று பாய்ந்து இரண்டு கையாலும் அசாபியின் கழுத்தைப் பிடித்து நெரித்தாள். நாற்காலியோடு சாய்ந்தார்கள். போலீஸ்காரர்கள் அவளை மயிரைப் பிடித்து இழுத்து, லத்தியால் முழங்காலிலும் முகத்திலும் அடித்தார்கள். விடுங்கடா, அவமேல தப்பில்லை என்று அசாபி கத்தப் பார்த்தாள். நெரிபட்ட தொண்டையிலிருந்து குரலே வரவில்லை. சிக்கிராவைத் தரையோடு இழுத்துப்போய்க் கம்பிக்கதவுக்குள் தள்ளிப் பூட்டினார்கள்.

இன்ஸ்பெக்டர் தொப்பியைச் சரி செய்துகொண்டு, இந்த மாதிரி ஜனங்களை வைத்துக்கொண்டு என்ன செய்வது மம்மி என்று வருத்தப்பட்டார். ஆஸ்பத்திரி வண்டி வந்தது. இரண்டு பேர் தாங்கிப் பிடித்து அசாபியை நடத்திப் போனார்கள். கம்பிக்கதவைத் தாண்டும்போது உள்ளேயிருந்து சிக்கிரா கூப்பிட்டாள். உதடு கிழிந்து ரத்தம் வடிந்தது. கோபமெல்லாம் போயிருந்தது, கெஞ்சல்தான் மிச்சம்.

"அக்கா, நீ இடத்தச் சொல்ல வேண்டாம். நீ திரும்ப அங்க போனா, அவன் கேட்டா, அம்மா வந்துட்டிருக்கான்னு மட்டும் சொல்லிடு."

அசாபி கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"சொல்றேன்," என்றாள்.